சேர்ந்து செய்தால் எவ்வளவு நேரம்? வேலைக் கணக்கை அடியிலிருந்து பார்ப்போம்

ஒரு சுவருக்குப் பெயின்ட் அடிக்க அக்காவுக்கு 3 மணி நேரம் ஆகிறது. தம்பிக்கு 6 மணி நேரம். இருவரும் சேர்ந்து அடித்தால் எவ்வளவு நேரத்தில் முடியும்?

மாலையில் என்னிடம் கணக்குப் படிக்க வரும் ஆறாம் வகுப்புச் சிறுமி முதலில் 9 என்று எழுதினாள். என் முகத்தைப் பார்த்தாள். அழித்துவிட்டு 4½ என்று எழுதினாள். மறுபடியும் முகத்தைப் பார்த்தாள். அதையும் அழிக்கப் போனபோது தாள் நைந்து ஓட்டையே விழுந்துவிட்டது. அவளுக்குக் கூட்டல் தெரியும், வகுத்தல் தெரியும், பின்னமும் ஓரளவு தெரியும். இந்தக் கணக்கில் எதைக் கூட்ட வேண்டும் என்பதுதான் தெரியவில்லை.

விடை 2 மணி நேரம். இரண்டு எண்களையும் பெருக்கு, பிறகு கூட்டு, முதலாவதை இரண்டாவதால் வகு என்று ஒரு சூத்திரமாகத்தான் எனக்கும் பள்ளியில் சொல்லிக்கொடுத்தார்கள். 3-ஐயும் 6-ஐயும் பெருக்கினால் 18, கூட்டினால் 9, வகுத்தால் 2. விடை என்னவோ சரியாக வரும். ஆனால் மூன்றாவதாக ஒருவர் வந்து சேர்ந்தால் அந்தச் சூத்திரம் அப்படியே பொருந்தாது. பாதியில் ஒருவர் கிளம்பிவிட்டால் சுத்தமாகக் கைகொடுக்காது. ஏன் பெருக்குகிறோம், ஏன் கூட்டுகிறோம் என்று யாரும் சொல்லாததால், எனக்கு அது பல வருடம் மந்திரமாகவே இருந்தது. அந்த மந்திரத்தைத்தான் இங்கே பிரித்துப் பார்க்கப் போகிறோம்.

முதலில் பென்சிலைக் கீழே வைப்போம்

அந்தச் சிறுமியின் 9 என்ற விடையை எடுத்துக்கொள்வோம். அக்கா தனியாகவே 3 மணி நேரத்தில் முடித்துவிடுவாள். தம்பி உதவிக்கு வந்ததும் அந்த வேலை 9 மணி நேரம் இழுக்குமா? 4½-ம் இதே கதைதான். கூட ஒரு கை சேரும்போது நேரம் குறைய வேண்டும். ஆகவே விடை 3-க்குக் கீழேதான் இருக்க முடியும்.

கீழ் எல்லையையும் கண்டுபிடிக்கலாம். தம்பிக்குப் பதிலாக அக்காவைப் போலவே வேகமான இன்னொருத்தி வந்தாள் என்று நினைத்துக்கொள்ளுங்கள். ஆளுக்குப் பாதிச் சுவர், 1½ மணி நேரத்தில் முடியும். சரி, இப்போது அக்காவை எடுத்துவிட்டுத் தம்பியைப் போல நிதானமான இருவரை நிறுத்துங்கள். 6-ல் பாதி, 3 மணி நேரம். நம்மிடம் இருப்பதோ வேகமான ஒருத்தியும் நிதானமான ஒருவனும். அதனால் விடை 1½-க்கும் 3-க்கும் நடுவில் எங்கோ இருக்கிறது.

ஒரு கணக்கும் போடாமல் இவ்வளவு தூரம் வந்துவிட்டோம். இந்த இரண்டு எல்லைகளையும் தாளின் ஓரத்தில் முதலிலேயே எழுதி வைத்துக்கொள்ளும் பழக்கம் வேறு எந்தக் குறுக்குவழியையும் விட மேலானது என்பது என் உறுதியான எண்ணம். பிறகு எங்கே தவறு செய்தாலும் அந்த ஓரத்து எண்கள் காட்டிக்கொடுத்துவிடும்.

இரண்டு குழாய், ஒரு வாளி

சுவரை விட்டுவிட்டுத் தண்ணீருக்கு வருவோம். தண்ணீரை அளக்க முடியும் என்பதால் விஷயம் கண்ணுக்குத் தெரியும்.

ஒரு வாளி 12 லிட்டர் பிடிக்கும். பெரிய குழாயைத் திறந்தால் 3 நிமிடத்தில் நிறைகிறது. சின்னக் குழாயைத் திறந்தால் 6 நிமிடம். அப்படியென்றால் பெரிய குழாய் நிமிடத்துக்கு 4 லிட்டர் விடுகிறது, சின்னது 2 லிட்டர். இரண்டையும் திறந்தால் நிமிடத்துக்கு 6 லிட்டர் விழும். 12 லிட்டர் வாளி 2 நிமிடத்தில் நிறையும்.

நாம் இங்கே கூட்டியது 4-ஐயும் 2-ஐயும். 3-ஐயும் 6-ஐயும் தொடவே இல்லை. ஒரு நிமிடத்தில் எவ்வளவு நடக்கிறது என்ற அந்த அளவுக்குப் பெயர் வேலை வீதம். மணிக்கு இத்தனை பக்கம், நாளைக்கு இத்தனை சட்டை, நிமிடத்துக்கு இத்தனை லிட்டர், எல்லாமே வேலை வீதம்தான்.

சரி, 12 லிட்டர் என்று கணக்கில் சொல்லவே இல்லையே, அதை எங்கிருந்து எடுத்தீர்கள் என்று கேட்கலாம். கேட்கத்தான் வேண்டும். வாளியை மாற்றிப் பாருங்கள். 60 லிட்டர் டிரம் ஒன்று, அதே 3 நிமிடம், 6 நிமிடம் என்றால் குழாய்கள் நிமிடத்துக்கு 20 லிட்டரும் 10 லிட்டரும் விடுகின்றன. சேர்ந்து 30. டிரம் நிறைய 2 நிமிடம். 600 லிட்டர் தொட்டியை எடுத்தாலும் 200-ம் 100-ம் சேர்ந்து 300, மறுபடியும் 2 நிமிடம். வாளி எவ்வளவு பெரியது என்பது விடையைத் தொடுவதே இல்லை.

அளவு எதுவாக இருந்தாலும் ஒன்றுதான் என்றால், அதை 1 என்றே வைத்துக்கொள்ளலாம். ஒரு முழு வாளி, ஒரு முழுச் சுவர். பெரிய குழாய் 3 நிமிடத்தில் 1 வாளி என்றால் ஒரு நிமிடத்தில் 1/3 வாளி. சின்னது 1/6 வாளி. இரண்டும் சேர்ந்து 1/3 + 1/6 = 1/2 வாளி. நிமிடத்துக்கு அரை வாளி என்றால் முழு வாளிக்கு 2 நிமிடம்.

இதில் இரண்டு தடவை ஒரு எண்ணைக் கவிழ்த்திருக்கிறோம். 3 நிமிடம் 1/3 ஆனது, கடைசியில் 1/2 திரும்ப 2 நிமிடம் ஆனது. ஓர் எண்ணால் 1-ஐ வகுத்தால் கிடைப்பது அதன் தலைகீழி. நேரத்தின் தலைகீழி வேலை வீதம், வீதத்தின் தலைகீழி நேரம். மாணவர்கள் மிக அதிகமாகத் தடுக்கி விழுவது அந்தக் கடைசிக் கவிழ்ப்பில்தான். 1/2 என்று வந்ததும் அரை நிமிடம் என்று எழுதிவிடுவார்கள். ஓரத்தில் எழுதிய எல்லைகள் அங்கே உதவும்: அரை, 1½-க்கும் கீழே அல்லவா இருக்கிறது?

இதுவரை பார்த்தது இவ்வளவுதான்: நேரத்தைக் கவிழ்த்தால் வீதம், வீதங்களைக் கூட்டலாம், கூட்டி வந்ததைத் திரும்பக் கவிழ்த்தால் சேர்ந்து செய்யும் நேரம்.

9-ம் 4½-ம் எந்தக் கேள்விக்கு விடை?

தவறான விடை என்று அடித்துவிட்டுப் போவதில் எனக்கு உடன்பாடில்லை. 9 என்று எழுதிய குழந்தையின் மனதில் ஒரு காட்சி ஓடியிருக்கிறது. அக்கா ஒரு சுவரை முடித்துவிட்டு உட்கார்ந்தாள், அப்புறம் தம்பி எழுந்து போய் வேறொரு சுவரை முடித்தான். மொத்தம் 9 மணி நேரம், சுவர் இரண்டு. அந்தக் காட்சிக்கு 9 மிகச் சரியான விடை. அதே காட்சியில் ஒரு சுவருக்குச் சராசரியாக எவ்வளவு நேரம் என்று கேட்டால் 4½.

ஒருவர் பின் ஒருவராகச் செய்தால் நேரம் கூடும். ஒரே சமயத்தில் செய்தால் கடிகாரம் இருவருக்கும் பொது. அது ஒரு தடவைதான் ஓடுகிறது. அங்கே கூடுவது வேலை. கணக்கைப் படித்ததும் "கடிகாரம் எத்தனை தடவை ஓடுகிறது?" என்று கேட்டுக்கொண்டால் போதும். நான் அந்தச் சிறுமியிடம் சூத்திரம் எதுவும் சொல்லவில்லை, இந்த ஒரு கேள்வியைத்தான் கேட்டேன். ஓட்டை விழுந்த தாளைத் திருப்பிப் போட்டு, "அப்போ ஒரு மணி நேரத்துல ரெண்டு பேரும் எவ்வளவு அடிப்பாங்க?" என்று அவளே தொடங்கினாள்.

பின்னம் இல்லாமலும் போடலாம்

1/10 + 1/15 என்று பார்த்ததுமே சிலருக்குக் கை தயங்கும். அவர்களுக்கு ஒரு நல்ல செய்தி. வாளியின் அளவு நம் இஷ்டம் என்று பார்த்தோமே, அந்தச் சுதந்திரத்தைப் பயன்படுத்தி வசதியான வாளி ஒன்றைத் தேர்ந்தெடுத்துக்கொள்ளலாம்.

ஒருவர் 10 நாளில் முடிப்பார், இன்னொருவர் 15 நாளில். 10-ஆலும் 15-ஆலும் மீதியில்லாமல் வகுபடும் மிகச் சிறிய எண் 30. இதுதான் மீச்சிறு பொது மடங்கு. மொத்த வேலையில் 30 பங்கு இருப்பதாக வைத்துக்கொண்டால் முதல்வர் நாளைக்கு 3 பங்கு, இரண்டாமவர் 2 பங்கு. சேர்ந்து 5 பங்கு. 30 பங்குக்கு 6 நாள். 12 நாளில் முடிக்கும் மூன்றாமவரும் சேர்ந்தால் 60 பங்காக வைத்துக்கொள்ளுங்கள்: 6, 4, 5. சேர்ந்து 15 பங்கு, 4 நாள். பின்னமே எட்டிப் பார்க்கவில்லை.

எனக்குப் பள்ளியில் சொன்ன மந்திரமும் இங்கேதான் உடைகிறது. 3-ஐயும் 6-ஐயும் பெருக்கியது எதற்கு? மொத்த வேலையை 18 பங்காக வைத்துக்கொள்ள. அக்கா மணிக்கு 6 பங்கு, தம்பி 3 பங்கு, சேர்ந்து 9. ஆகவே 18-ஐ 9-ஆல் வகுத்தோம். 3-ம் 6-ம் இடம் மாறி வருவதால், நேரங்களைக் கூட்டியது போலத் தோன்றுகிறது. உண்மையில் அங்கே கூட்டியது வீதங்களைத்தான்.

800 ஆண்டுக்கு முந்தைய குளம், 2000 ஆண்டுக்கு முந்தைய குளம்

இந்தியக் கணித அறிஞர் இரண்டாம் பாஸ்கரர் 1150-ம் ஆண்டில் எழுதிய லீலாவதி என்ற கணித நூலில் ஒரு கணக்கு. ஒரு குளத்தை நான்கு ஓடைகள் தனித்தனியே ஒரு நாள், அரை நாள், மூன்றில் ஒரு நாள், ஆறில் ஒரு நாள் என நிரப்பும். நான்கையும் சேர்த்துத் திறந்துவிட்டால்? ஒரு நாளில் முதல் ஓடை 1 குளம் நிரப்பும், அடுத்தது 2, அடுத்தது 3, கடைசி ஓடை 6. மொத்தம் நாளைக்கு 12 குளம். ஆகவே ஒரு குளத்துக்கு நாளில் பன்னிரண்டில் ஒரு பங்கு, அதாவது 2 மணி நேரம்.

அதைவிடப் பழையது சீனாவின் 'கணிதக் கலையின் ஒன்பது அத்தியாயங்கள்'. ஏறத்தாழ 2000 ஆண்டுப் பழமை கொண்ட அந்த நூலில் ஐந்து கால்வாய்கள் ஒரு குளத்தை நிரப்புகின்றன: நாளில் மூன்றில் ஒரு பங்கு, 1 நாள், 2½ நாள், 3 நாள், 5 நாள். பார்த்தாலே மிரள வைக்கும் கணக்கு. குளத்தை 15 பங்காக வைத்துப் பாருங்கள். கால்வாய்கள் நாளைக்கு 45, 15, 6, 5, 3 பங்கு நிரப்பும். கூட்டினால் 74. விடை 15/74 நாள். நூலில் இருக்கும் விடையும் அதுவேதான். கவிழ்த்து, கூட்டி, திரும்பக் கவிழ்ப்பது என்ற வழி அத்தனை நூற்றாண்டுகளாக மாறவே இல்லை என்பதை நினைக்கும்போது எனக்கு இன்றும் ஒரு சிலிர்ப்பு உண்டாகிறது.

கழித்தல் வரும் இடங்கள்

ஒரு தொட்டியைக் குழாய் 4 மணி நேரத்தில் நிரப்பும். அடியில் இருக்கும் ஓட்டை, நிறைந்த தொட்டியை 6 மணி நேரத்தில் காலி செய்துவிடும். ஓட்டையை அடைக்காமல் குழாயைத் திறந்தால்? 12 பங்காக வைத்துக்கொள்வோம். மணிக்கு 3 பங்கு உள்ளே வருகிறது, 2 பங்கு வெளியே போகிறது. மிஞ்சுவது 1 பங்கு. நிறைய 12 மணி நேரம்.

இன்னொரு கணக்கு. இருவர் சேர்ந்து ஒரு வேலையை 4 நாளில் முடிக்கிறார்கள். முதல்வர் தனியாக 6 நாளில் முடிப்பார். இரண்டாமவர் தனியாகச் செய்தால்? இதையும் 12 பங்காக வைத்துக்கொண்டால் சேர்ந்து நாளைக்கு 3 பங்கு, அதில் முதல்வருடையது 2. ஆகவே இரண்டாமவர் 1 பங்கு. 12 நாள்.

கதை வேறு, எண்கள் அச்சு அசல் ஒன்று. முதல் கணக்கில் எதிர்த்து வேலை செய்யும் ஒன்றைக் கழித்தோம், இரண்டாவதில் நமக்குத் தெரிந்த ஒருவரின் பங்கைக் கழித்தோம். எழுதும்போது அந்த வித்தியாசமே தெரியாது. ஒரு எச்சரிக்கை மட்டும்: ஓட்டை குழாயைவிட வேகமானது என்றால் கழித்து வருவது பூஜ்யத்துக்குக் கீழே போகும். அந்தத் தொட்டி நிறையவே நிறையாது என்று அர்த்தம்.

பாதியில் கிளம்புகிறவர், மாறி மாறி வருகிறவர்

10 நாள்காரரும் 15 நாள்காரரும் சேர்ந்து தொடங்குகிறார்கள். 2 நாள் கழித்து 10 நாள்காரர் கிளம்பிவிடுகிறார். மொத்தம் 30 பங்கு. முதல் 2 நாளில் 10 பங்கு முடிந்தது. மிச்சம் 20 பங்கை 15 நாள்காரர் நாளைக்கு 2 பங்காக முடிக்க 10 நாள். இங்கே கேள்வியை ஒரு முறை திரும்பப் படியுங்கள். "மீதி வேலைக்கு எத்தனை நாள்?" என்றால் 10. "வேலை மொத்தம் எத்தனை நாளில் முடிந்தது?" என்றால் 12. கணக்கைச் சரியாகப் போட்டுவிட்டு இந்த ஒரு வரியில் மதிப்பெண்ணைக் கோட்டை விடும் பிள்ளைகளைப் பார்த்தால் மனசு வலிக்கும்.

ஒரு நாள் ஒருவர், மறுநாள் மற்றவர் என்று மாறி மாறிச் செய்யும் கணக்கில் இரண்டு நாளை ஒரு சுற்றாக எடுத்துக்கொள்ள வேண்டும். ஒருவர் 4 நாளில் முடிப்பார், மற்றவர் 6 நாளில். 12 பங்கு, ஒருவர் 3, மற்றவர் 2, ஒரு சுற்றுக்கு 5. இரண்டு சுற்றில், அதாவது 4 நாளில், 10 பங்கு ஆகிவிடும். மீதி 2. வேகமானவர் முதலில் தொடங்கியிருந்தால் ஐந்தாம் நாள் அவருடையது, 2 பங்குக்கு நாளில் மூன்றில் இரண்டு பங்கு போதும். மற்றவர் தொடங்கியிருந்தால் அந்த நாள் முழுவதும் வேண்டும். யார் தொடங்கினார் என்பதை வைத்து விடையே மாறுகிறது.

ஆள் கணக்கு

6 பேர் ஒரு வேலையை 10 நாளில் முடித்தால், 15 பேர் எத்தனை நாளில் முடிப்பார்கள்? இங்கே எல்லோருடைய வீதமும் ஒன்று என்பதால் கணக்கு இன்னும் சுலபம். ஒருவர் ஒரு நாள் செய்வது ஓர் ஆள்-நாள். 6 பேர் 10 நாள் என்றால் வேலையின் அளவு 60 ஆள்-நாள். 15 பேர் அதை 4 நாளில் முடிப்பார்கள். ஆள் கூடக் கூட, நாள் அதே விகிதத்தில் குறைவதை எதிர் விகிதம் என்பார்கள். நாளைக்கு எத்தனை மணி நேரம் என்றும் கொடுத்திருந்தால் அதையும் சேர்த்துப் பெருக்கிக்கொள்ளுங்கள்: 6 பேர், 10 நாள், 8 மணி நேரம் என்றால் 480. அதையே 12 பேர் நாளைக்கு 5 மணி நேரம் செய்தால் தினமும் 60 தீரும், 8 நாளில் முடியும்.

ஆனால் இந்தப் பெருக்கலை யோசிக்காமல் ஓட்டினால் என்ன ஆகும் என்பதற்குப் புகழ்பெற்ற ஒரு கேள்வி இருக்கிறது. உளவியல் ஆய்வாளர் ஷேன் ஃபிரடெரிக் 2005-ல் வெளியிட்ட மூன்று கேள்விச் சோதனையில் அதுவும் ஒன்று. 5 இயந்திரங்கள் 5 நிமிடத்தில் 5 பொருள்கள் செய்கின்றன. 100 இயந்திரங்கள் 100 பொருள்கள் செய்ய எத்தனை நிமிடம்? வாய் உடனே 100 என்று சொல்லத் துடிக்கும். ஓர் இயந்திரத்தின் பக்கத்தில் போய் நின்று பாருங்கள். அது 5 நிமிடத்தில் ஒரு பொருள் செய்கிறது. நூறு இயந்திரங்களும் அந்த 5 நிமிடத்தில் ஆளுக்கொன்று செய்து முடித்துவிடும். விடை 5 நிமிடம்.

ஒருவருக்கு அல்லது ஓர் இயந்திரத்துக்கு எவ்வளவு என்று முதலில் பார்த்துக்கொண்டால் வேலைக் கணக்கில் பாதிக் குழப்பம் வராது. சுவரிலும் வாளியிலும் நாம் செய்தது அதைத்தான்.

நூறு பேர் வந்தால்?

இதெல்லாம் புரிந்த பிறகு அந்தச் சிறுமி கேட்ட கேள்வி: "அக்கா மாதிரி நூறு பேர் வந்தா சுவர் ரெண்டு நிமிஷத்துல முடிஞ்சிடுமா?" 180 நிமிடத்தை 100-ஆல் வகுத்தால் 1 நிமிடம் 48 விநாடி. கணக்கு ஆமாம் என்றுதான் சொல்கிறது.

ஆனால் கணக்கு இரண்டு விஷயங்களை எடுத்த எடுப்பிலேயே நம்பிக்கொள்கிறது. ஒவ்வொருவரும் தொடக்கம் முதல் கடைசி வரை ஒரே வேகத்தில் செய்வார்கள், ஒருவர் மற்றவருக்கு இடைஞ்சலாக இருக்க மாட்டார். குழாயில் இது பெருமளவு உண்மை. மனிதர்களிடம் சில இடங்களில் உண்மை, சில இடங்களில் இல்லை. பங்கு போடவே முடியாத வேலைகளும் உண்டு. ஒரு சட்டை கொடியில் காய 2 மணி நேரம் என்றால் ஐந்து சட்டைக்கும் 2 மணி நேரம்தான். 5 நிமிடப் பாட்டை ஐந்து பேர் சேர்ந்து பாடினாலும் 5 நிமிடம்தான்.

அமெரிக்கக் கணினி அறிஞர் பிரெட் புரூக்ஸ் 1975-லேயே இதை எழுதினார்: தாமதமாகிவிட்ட மென்பொருள் வேலையில் புதிதாக ஆட்களைச் சேர்த்தால் அது இன்னும் தாமதமாகும். புதியவருக்குச் சொல்லிக்கொடுக்கப் பழையவரின் நேரம் போகும். ஆள் கூடக் கூட ஒருவரோடு ஒருவர் பேசித் தீர்க்க வேண்டியதும் கூடும். 3 பேர் என்றால் 3 ஜோடி, 10 பேர் என்றால் 45 ஜோடி.

அந்தச் சிறுமிக்கு இவ்வளவு சொல்லவில்லை. சுவர் 10 அடி நீளம், கையை வீசிப் பெயின்ட் அடிக்க ஒருவருக்கு 2½ அடியாவது வேண்டும் என்று மட்டும் சொன்னேன். அவள் தாளில் ஒரு நீளமான செவ்வகம் வரைந்து, அதன் முன்னால் குச்சி மனிதர்களை நிறுத்திப் பார்த்தாள். நான்கு பேருக்கு மேல் இடமில்லை. 180-ஐ 4-ஆல் வகுத்து, பக்கத்தில் 45 நிமிடம் என்று எழுதினாள்.